நடிப்பவரே இயக்கும்போது காட்சியைச் சரிபார்ப்பவர் யார்?

கேள்வி (சாட்ஸ்வொர்த், டர்பன்): நான் இயக்கும் குறும்படத்தில் நானே நடிக்கவும் இருக்கிறேன். கேமராவின் முன் நிற்கும்போது காட்சி சரியாக அமைந்ததா என்று எப்படி முடிவு செய்வது, ஐயா?

பதில் (பீட்டர்மாரிட்ஸ்பர்க்): தம்பி, முதலில் உங்கள் இடத்தில் வேறொருவரை நிறுத்தி வெளிச்சத்தையும் ஃபோகஸையும் சரிசெய்யுங்கள். ‘கட்’ சொல்லும் பொறுப்பை இணை இயக்குநரிடம் விட்டுவிட்டு, ஒவ்வொரு டேக்கையும் மானிட்டரில் போட்டுப் பாருங்கள்.

பதில் (பீனிக்ஸ்): எம்.ஜி.ஆர். 1958-இல் ‘நாடோடி மன்னன்’ படத்தைத் தயாரித்து, இயக்கி, இரட்டை வேடத்திலும் நடித்த காலத்தில் மானிட்டர் ஏது? ஒளிப்பதிவாளரின் கண்ணைத்தான் நம்ப வேண்டியிருந்தது. 2019-இல் பார்த்திபன் ‘ஒத்த செருப்பு’ படத்தை எழுதி, இயக்கி, தயாரித்ததோடு, திரையில் தோன்றும் ஒரே நடிகராகவும் இருந்தார். பிற பாத்திரங்கள் குரலாக மட்டுமே வரும். துணிச்சலான வேலைதான், ஆனால் முதல் படத்துக்கு அதை நான் பரிந்துரைக்க மாட்டேன்.

கேள்வி கேட்டவர்: நன்றி. ‘கட்’ சொல்ல என் அக்காவிடம் கேட்கிறேன். என் நடிப்பைத் தயவு பார்க்காமல் குறை சொல்பவர் அவர்தான்.