காட்பாடி குடும்பம் (வாட்ஸ்அப் குழு)

சம்பத் பெரியப்பா: *பகிரப்பட்டது:* பூமிக்கு இரண்டாவது நிலா வந்தாச்சு!! 2083 வரை நம்மோடு இருக்குமாம்!!

கலா அத்தை: மொட்டை மாடியில் நின்றால் தெரியுமா?

திவ்யா: தெரியாது அத்தை. 20 மீட்டர் அளவுக் கல். பேர் 2025 பிஎன்7. ஹவாயில் இருக்கும் பான்-ஸ்டார்ஸ் தொலைநோக்கி 2025 ஆகஸ்டில் பிடித்தது. அது சுற்றுவது நம்மை இல்லை, சூரியனை.

சம்பத் பெரியப்பா: அப்புறம் எப்படிம்மா கூடவே வரும்?

திவ்யா: ஒரு சுற்றுக்கு அதற்கும் நம்மைப் போல ஒரு வருஷம்தான், பெரியப்பா. பெங்களூர் ரோட்டில் நம் பஸ்ஸும் ஒரு லாரியும் ஒரே வேகத்தில் போனால், லாரி கொஞ்சம் முந்தும், கொஞ்சம் பின்தங்கும், ஆனால் பக்கத்திலேயே இருக்கும். அப்படித்தான்.

திவ்யா: 2016ல் கிடைத்த காமோவாலேவா என்கிற கல்லும் இதே வகை. நிலாவிலிருந்து பெயர்ந்த துண்டாக இருக்கலாம் என்கிறார்கள். அந்தக் கல்லிலிருந்து மண் எடுத்துவர சீனா 2025 மே மாதம் தியான்வென்-2 விண்கலத்தை அனுப்பியிருக்கிறது.

முரளி மாமா: கூடவே வருவது ஒருநாள் தலையில் விழாதா? 2016ல் நாட்றம்பள்ளி பக்கம் ஒரு டிரைவர் இறந்தாரே.

திவ்யா: பாவம் மாமா அவர். முதலில் விண்கல் என்றார்கள். படங்களைப் பார்த்த நாசா விஞ்ஞானிகள் தரையில் நடந்த வெடிப்பு போலத்தான் தெரிகிறது என்றார்கள்.

திவ்யா: ஆனால் ரஷ்யாவில் செல்யாபின்ஸ்க், 2013 பிப்ரவரி 15, அது நிஜம். அதுவும் ஏறக்குறைய 20 மீட்டர்தான். வானத்திலேயே வெடித்தது. என்ன வெளிச்சம் என்று ஜனங்கள் ஜன்னலுக்கு ஓடியிருக்கிறார்கள். அதிர்ச்சி அலை அப்புறம்தான் வந்தது. கண்ணாடி சிதறியே ஆயிரத்துக்கு மேல் காயம்.

கலா அத்தை: அட கடவுளே. முன்னாடியே யாரும் பார்க்கலையா?

திவ்யா: சூரியன் இருக்கும் பக்கமிருந்து வந்தது அத்தை, கண் கூச்சத்தில் எதுவும் தெரியாது. நம் பாதையில் ஓடும் கற்களிலும் அதே தலைவலி. 2020 எக்ஸ்எல்5 ஒரு கிலோமீட்டருக்கு மேல் அகலம். நமக்கு 60 டிகிரி முன்னால் ஒரு இடத்தை ஒட்டியே அலைகிறது. விடிவதற்கு முன் அடிவானத்தில் கொஞ்ச நேரம்தான் கிடைக்கும். ஒருதடவை பார்த்துவிட்டால் போதாது, பல இரவு இடம் குறித்தால்தான் பாதைக் கணக்கு வரும். விட்டால் தொலைந்தது.

முரளி மாமா: இப்போ ஆபத்து உண்டா, இல்லையா? அதைச் சொல்லு.

திவ்யா: கூடவே வருவதாக நான் சொன்ன மூன்றும் (பிஎன்7, காமோவாலேவா, எக்ஸ்எல்5) நம்மேல் மோதும் பாதையில் இல்லை மாமா. கண்ணில் படாததுதான் கவலை.

சம்பத் பெரியப்பா: நம் காவலூர் வானாய்வகத்தில் இதெல்லாம் தேடுவதில்லையா?

திவ்யா: தேடினார்களே! 1988ல் ஆர். ராஜமோகன் அங்கிருந்துதான் 4130 ராமானுஜன் என்கிற சிறுகோளைக் கண்டுபிடித்தார். அது நம் பாதையில் இல்லை, செவ்வாய்க்கும் வியாழனுக்கும் நடுவில்.

முரளி மாமா: ஆலங்காயம் போகும்போதெல்லாம் போர்டைப் பார்ப்பேன், உள்ளே போனதில்லை. சனிக்கிழமை விடுவார்களா?

திவ்யா: கேட்டுச் சொல்கிறேன். மேகம் போட்டால் வீண்.

கலா அத்தை: ஜவ்வாது மலையில் குளிரும். பிள்ளைகளுக்கு ஸ்வெட்டர் எடுங்க.