கோர்ட் தீர்ப்பு கையில், மனை மச்சான் பெயரில்

மதுராந்தகம் பக்கம் 1,200 சதுர அடி மனை. 2021 ஜூனில் 18 லட்சத்துக்குக் கிரய ஒப்பந்தம், பதிவு செய்தது. அட்வான்ஸ் 6 லட்சம், கெடு 11 மாதம். மீதிப் பணத்தோடு நான் நின்றேன், மனையை விற்க ஒப்புக்கொண்டவர்தான் இழுத்தடித்தார். வக்கீல் நோட்டீஸும் திரும்பி வந்தது. கவரில் தபால்காரர் சிவப்பு மையில் ‘வாங்க மறுத்தார்’ என்று எழுதியிருந்தார். அந்தக் கவர்தான் பிறகு கோர்ட்டில் கைகொடுத்தது!

2022 ஆகஸ்டில் சப் கோர்ட்டில் வழக்கு, 2024 நவம்பரில் கிரயம் செய்து தரச் சொல்லித் தீர்ப்பு. மீதி 12 லட்சத்தைச் சொன்ன கெடுவுக்குள் டெபாசிட் செய்துவிட்டேன். அவர் வரவில்லை. சரி, கோர்ட்டே கையெழுத்துப் போடட்டும் என்று நிறைவேற்று மனு (தீர்ப்பைச் செயல்படுத்தக் கேட்கும் மனு) போட்டாயிற்று.

அப்புறம் வில்லங்கம் போட்டுப் பார்த்தால், 2023-இல், வழக்கு நடக்கும்போதே, மனையைத் தன் மச்சானுக்குக் கிரயம் செய்திருக்கிறார். பட்டாவும் மாறிவிட்டது. சொத்து மாற்றச் சட்டம் 52-ஆம் பிரிவுப்படி அந்தக் கிரயம் தீர்ப்புக்குக் கட்டுப்பட்டதுதான் என்கிறார் என் வக்கீல். ஆனால் தனி வழக்கு போடலாமா என்று அவரே யோசிக்கிறார். சார்பதிவாளர் அலுவலகத்தில் கேட்டால் கோர்ட் உத்தரவு கொண்டு வாருங்கள் என்கிறார்கள்.

இதே நிலையில் இருந்தவர்கள் சொல்லுங்கள்: மச்சானை இந்த நிறைவேற்று மனுவிலேயே சேர்த்தால் போதுமா, அவர் பத்திரத்தை ரத்து செய்யத் தனி வழக்கு போட வேண்டுமா?