மூன்று லட்ச ரூபாயை எதில் செலவிட்டால் அடுத்த பெருமழையை எங்கள் ஊர் தாங்கும்?

கேள்வி: வயலோரம்

அனைவருக்கும் வணக்கம். கன்னியாகுமரி மாவட்டம் அகஸ்தீஸ்வரம் வட்டத்தில், பழையாற்றுப் பாசனத்தின் கடைமடையில் இருக்கும் ஒரு சிற்றூர் எங்களுடையது. எங்கள் இளைஞர் மன்றத்தில் 38 பேர் இருக்கிறோம். வளைகுடா நாடுகளில் வேலை பார்க்கும் ஊர்க்காரர்கள் அனுப்பியதும், கொடை விழாவில் மிச்சம் பிடித்ததுமாக ஏறத்தாழ மூன்று லட்ச ரூபாய் சேர்ந்திருக்கிறது. இந்தப் பணத்தை ஊருக்கு நிலைத்த பயன் தரும் ஒன்றில் செலவிட வேண்டும் என்பதில் எங்களுக்குள் கருத்து வேறுபாடு இல்லை. எதில் என்பதில்தான் இரண்டு மாதமாகப் பேசியும் முடிவுக்கு வர முடியவில்லை.

2021 நவம்பர் மழையில் எங்கள் குளத்தின் கரை உடைந்து மூன்று தெருக்களுக்குள் தண்ணீர் புகுந்தது. ரேஷன் கடையின் சுவரில், என் இடுப்பளவு உயரத்தில், அன்றைய சேற்றுக் கோடு இரண்டு முறை வெள்ளையடித்த பிறகும் மங்கலாகத் தெரிகிறது. அந்த இரவில் யார் வீட்டில் நடக்க முடியாத முதியவர் இருக்கிறார், யார் வீட்டில் கைக்குழந்தை இருக்கிறது என்பது எங்களில் ஒருவருக்கும் முழுமையாகத் தெரியவில்லை. கழுத்தளவு தண்ணீரில் நாங்கள் ஒரு வீட்டின் கதவைத் தட்டிக்கொண்டிருந்தபோது, உண்மையில் உதவி தேவைப்பட்ட வீடு அடுத்த தெருவில் இருந்தது. அதே குளம் அடுத்த மே மாதத்தில் வறண்டு வெடித்துக் கிடந்ததையும், கிணறுகள் அடிதட்டியதையும் பார்த்தோம்.

மன்றத்தில் ஒரு சாரார் ரப்பர் படகு, ஜெனரேட்டர், தார்ப்பாய், அரிசி ஆகியவற்றை வாங்கி வைக்கலாம் என்கிறார்கள். மறுசாரார் குளத்தைத் தூர்வாரலாம் என்கிறார்கள். குளம் அரசாங்கத்துக்குச் சொந்தமானது, அதில் நம் பணத்தைப் போடுவது வீண் என்பது பெரியவர்களின் கருத்து. எனக்கு வேறொரு கவலையும் இருக்கிறது. இந்த 38 பேரில் பாதிப் பேராவது இன்னும் ஐந்து ஆண்டுகளில் சென்னைக்கோ வெளிநாட்டுக்கோ போய்விடுவார்கள். யார் போனாலும் யார் வந்தாலும் நின்றுபோகாத ஏற்பாடாக அமைய வேண்டும் என்று விரும்புகிறோம். அனுபவமுள்ளவர்கள் வழிகாட்டினால் நன்றியுடையவர்களாக இருப்போம்.

பதில் 1: பழையாற்றங்கரை

தம்பி, நான் தோவாளை வட்டத்தில் விவசாயம் செய்கிறவன். எங்கள் ஊர்ப் பாசன சங்கத்தில் பல ஆண்டுகள் பொறுப்பிலும் இருந்திருக்கிறேன். படகா குளமா என்ற கேள்விக்கு என் பதில் குளம்தான். ஆனால் தூர்வாருவதிலிருந்து தொடங்காதீர்கள். குளத்துக்குத் தண்ணீர் வரும் வழியையும் அது வெளியேறும் வழியையும் முதலில் கால்நடையாக நடந்து பாருங்கள்.

நம் மாவட்டத்தில் இரண்டாயிரத்துக்கு மேற்பட்ட குளங்கள் இருக்கின்றன. நாஞ்சில் நாடு எனப்படும் நம் நெல்வயல் பகுதியில் ஒரு குளத்தின் மறுகால் தண்ணீர், அதாவது நிரம்பி வழியும் தண்ணீர், அடுத்த குளத்துக்குப் போய்ச் சேரும்படி முன்னோர்கள் சங்கிலியாக அமைத்திருக்கிறார்கள். மேட்டிலுள்ள குளம் நிரம்பினால் அதன் உபரி கீழ்க்குளத்துக்கு, அது நிரம்பினால் அதற்கும் கீழே, கடைசியில் பழையாறு வழியாக மணக்குடிக் காயலுக்கு. ஆகவே, உங்கள் கரை உடைந்ததற்குக் காரணம் உங்கள் குளத்தில் இருந்தே தீர வேண்டும் என்பதில்லை. மேலே இரண்டு குளங்கள் தூர்ந்து கொள்ளளவு குறைந்திருந்தால் அவற்றின் தண்ணீரும் சேர்ந்து ஒரே இரவில் உங்கள் தலையில் இறங்கும். கீழே மறுகால் ஓடை வீட்டு மனைகளுக்குள் சுருங்கிப் போயிருந்தால், வந்த தண்ணீர் போக வழியின்றிக் கரையைத்தான் தேடும். எங்கள் ஊரில் ஒரு முறை கரை உடைந்தபோது எல்லோரும் கரையைக் குறை சொன்னார்கள். நடந்து பார்த்தபோது, பத்தடி அகலம் இருந்த மறுகால் ஓடை ஓர் இடத்தில் ஒன்றரை அடி சிமெண்ட் குழாயாக மாறியிருந்தது. அந்தக் குழாயின் வாயில் ஒரு பழைய மெத்தையும் வாழைத்தண்டுகளும் அடைத்துக் கிடந்தன.

கிராம நிர்வாக அலுவலரிடம் குளத்தின் புல எண்ணைக் கேட்டு, புலப்படமும் நில விவரங்கள் அடங்கிய அ-பதிவேட்டின் நகலும் பெற்றுக்கொள்ளுங்கள். குளத்தின் பரப்பு, ஓடைப் புறம்போக்கின் அகலம் எல்லாம் அதில் இருக்கும். ஆக்கிரமிப்பு இருந்தால் நீங்களே போய்ச் சண்டை போடாதீர்கள். ஒரே ஊரில் முகம் பார்த்து வாழ வேண்டியவர்கள். நீர்நிலை ஆக்கிரமிப்புகளை அகற்றுவதற்கென்றே 2007ஆம் ஆண்டில் தமிழ்நாட்டில் தனிச் சட்டம் இயற்றப்பட்டிருக்கிறது. அளந்து தருமாறு எழுத்தில் மனுக் கொடுத்து, ஒப்புதல் சீட்டை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்.

தூர்வாருவதற்கு உங்கள் பணம் அதிகம் தேவைப்படாது. விவசாயத்துக்கும் மண்பாண்டத் தொழிலுக்கும் குளத்து வண்டலைக் கட்டணமின்றி எடுத்துக்கொள்ள அரசு அனுமதிக்கிறது. அந்த அனுமதியை வழங்கும் அதிகாரம் 2024இல் வட்டாட்சியரிடமே ஒப்படைக்கப்பட்டது. மண் தேவைப்படும் விவசாயிகளை ஒன்றுசேர்த்து விண்ணப்பிக்கச் சொல்லுங்கள். வெட்டும்போது மட்டும் பக்கத்தில் ஆள் நிற்க வேண்டும். கரையின் உள்அடியை ஒட்டித் தோண்டினால் அடுத்த மழையில் கரை சரியும். நன்றாகத் தள்ளியே தோண்ட வேண்டும். தண்ணீரைத் திறந்துவிடும் மடையின் மட்டத்துக்குக் கீழே ஆழப்படுத்தும் பள்ளத்தில் நிற்கும் தண்ணீர் வயலுக்கு ஏறாது என்றாலும், கோடையில் கிணறுகளுக்கு ஊற்றுக் கொடுக்கும், மீனுக்கும் மாட்டுக்கும் உதவும். ஆகவே ஒரு மூலையில் அப்படி ஒரு பள்ளம் இருப்பது நல்லதே.

உங்கள் பணம் போக வேண்டிய இடம் மடை. எங்கள் குளத்து மடையின் இரும்புத் திருகு துருப்பிடித்து ஏழு ஆண்டுகள் அசையாமல் கிடந்தது. திறக்க முடியாத மடை இருந்தும் இல்லாததற்குச் சமம். பெருமழை வருகிறது என்று தெரிந்தால் முதல்நாளே தண்ணீரை இறக்கிக் குளத்தில் இடம் உண்டாக்கி வைக்க வேண்டும். அதற்கு மடை சுழல வேண்டும், சுழற்றத் தெரிந்த ஆள் ஊரில் இருக்க வேண்டும், துறை அலுவலரிடமும் பாசன சங்கத்திடமும் சொல்லிவிட்டுச் செய்யும் முறையும் வேண்டும். மசகு போட ஆகும் செலவு சில நூறு ரூபாய்தான். ஆண்டுக்கு இரண்டு முறை, ஜூன் 1ஆம் தேதியையொட்டிக் முதல் போக நெல்லான கன்னிப்பூச் சாகுபடிக்குப் பேச்சிப்பாறை அணை திறப்பதற்கு முன்பும், ஐப்பசி மழைக்கு முன்பும், தவறாமல் அதைப் போடும் ஆள் யார் என்பதுதான் விலைமதிப்புள்ளது.

பதில் 2: கடற்கரை ஆசிரியை

வணக்கம் தம்பி. நான் கிள்ளியூர் வட்டத்தின் கடலோரக் கிராமம் ஒன்றைச் சேர்ந்தவள். என் தகப்பனாரும் இரண்டு தம்பிகளும் கடலுக்குப் போகிறவர்கள். உங்கள் கடிதத்தில், தவறான வீட்டுக் கதவைத் தட்டிக்கொண்டிருந்ததாக எழுதிய வரி என்னை மிகவும் பாதித்தது, ஏனென்றால் ஒக்கிப் புயலின்போது நாங்கள் அனுபவித்த துன்பத்தின் வேரும் அதுவே.

2017 நவம்பர் 30ஆம் தேதி, இலங்கைக்கு அருகே உருவான தாழ்வு மண்டலம் ஒரே நாளுக்குள் புயலாகி, குமரி முனைக்குத் தெற்கே கடந்து லட்சத்தீவை நோக்கிப் போனது. எங்கள் பகுதியின் ஆழ்கடல் விசைப்படகுகள் ஒருமுறை போனால் பல வாரங்கள் கழித்தே கரை திரும்பும். கரையில் ஏற்றிய எச்சரிக்கைக் கொடி அவர்களுக்கு எப்படித் தெரியும்? ஆனால் அதைவிடவும் என்னை இன்றுவரை வாட்டுவது வேறு. கரையில் நின்ற எங்களுக்கு, எந்தப் படகில் யார் யார் போயிருக்கிறார்கள் என்பதே சரியாகத் தெரியவில்லை. கடைசி நேரத்தில் ஒருவருக்குப் பதிலாக இன்னொருவர் ஏறியிருப்பார். வெளியூரிலிருந்து வேலைக்கு வந்தவரின் முழுப்பெயர் யாருக்கும் தெரியாது. பட்டியல் கேட்டு வந்த அதிகாரிகளுக்கு ஒவ்வொரு நாளும் ஒவ்வொரு எண்ணைக் கொடுத்தோம். லட்சத்தீவிலும் மகாராஷ்டிரத்திலும் குஜராத்திலும் கரையேறியவர்களின் பெயர்களை எங்கள் ஊர் இளைஞர்கள் தொலைபேசியில் ஒவ்வொன்றாகச் சரிபார்த்து, பள்ளிக்கூடத்துக் கரும்பலகையில் எழுதினார்கள். ஒரு பெயரை எழுதும்போது அந்த வீட்டுப் பெண்கள் அழுத அழுகையும், எழுதப்படாத பெயருக்காகக் காத்து நின்றவர்களின் மௌனமும் என் கண்ணை விட்டு அகலவில்லை.

அதன்பிறகு எங்கள் தெருவில் ஒரு குறிப்பேடு வைத்தோம். நீளமான கணக்கு நோட்டு, அட்டையில் துளையிட்டு நைலான் கயிறு கட்டி, ஆணியில் தொங்கும். படகின் பெயர், பதிவு எண், ஏறியவர்களின் பெயர், வீட்டுத் தொலைபேசி, போகும் திசை, திரும்ப உத்தேசித்த நாள் ஆகியவற்றைப் புறப்படுமுன் எழுத வேண்டும். முதல் மூன்று மாதம் யாரும் எழுதவில்லை. பதினோராம் வகுப்புப் படிக்கும் பெண்பிள்ளைகள் இருவர் அதிகாலையில் கரைக்குப் போய்த் தாங்களே கேட்டு எழுதத் தொடங்கிய பிறகுதான் பழக்கம் வந்தது. அந்தப் பிள்ளைகள் இப்போது கல்லூரிக்குப் போய்விட்டார்கள். போகுமுன் அடுத்த வகுப்பிலிருந்து இருவரைப் பழக்கிவிட்டுப் போனார்கள். இளைஞர்கள் ஊரை விட்டுப் போகக்கூடாது என்று நாம் கேட்க முடியாது, தம்பி. படித்த பிள்ளை வேலைக்குப் போகத்தான் செய்யும். செய்து வந்த பொறுப்பைக் கையில் பிடித்துக் கொடுத்துவிட்டுப் போ என்று கேட்கலாம்.

உங்கள் ஊரில் வீட்டுக்கு வீடு போய், நடமாட முடியாதவர், மருந்து தவறக்கூடாதவர், கர்ப்பிணிகள், தனியாக இருக்கும் முதியவர் ஆகியோரை எழுதிக்கொள்ளுங்கள். தெருவுக்கு இருவர் பொறுப்பு. அந்தப் பட்டியல் கைப்பேசியில் மட்டும் இருந்தால் போதாது. ஒக்கிக்குப் பிறகு பல நாள் மின்சாரமே இல்லை. மின்கம்பங்கள் வரிசையாகச் சாய்ந்து கிடந்தன. தாளில் எழுதி, பிளாஸ்டிக் உறையிட்டு வைத்திருங்கள்.

பதில் 3: குலசேகரம் தோட்டக்காரர்

ஆசிரியை எழுதியதோடு ஒன்றை மட்டும் சேர்க்கிறேன். ஒக்கி எங்கள் பக்கம் நிலத்தின் மீதும் அடித்த புயல். என் ஒன்றேகால் ஏக்கர் ரப்பரில் பாதி மரங்கள் ஒரு காலை நேரத்தில் முறிந்து விழுந்தன. ரப்பர் நட்டுப் பால் வெட்ட ஏறத்தாழ ஏழு ஆண்டுகள் காத்திருக்க வேண்டும். அந்த ஏழு ஆண்டுகளை ஒரு குடும்பம் எதைக் கொண்டு கடக்கும் என்பதுதான் எங்களுக்கு எழுந்த கேள்வி. மறுபடி நட்டபோது வரிசைகளுக்கு இடையில் முதல் சில ஆண்டுகள் அன்னாசியும் வாழையும் வைத்தேன். ஓரத்தில் மிளகு ஏற்றினேன். ஒன்று விழுந்தால் இன்னொன்று கைகொடுக்கிறது. பக்கத்துத் தோட்டத்துக்காரர் முழுவதும் ரப்பரே வைத்துக் கடன் வாங்கிக் காலம் தள்ளினார்.

உங்கள் ஊரிலும் வயலையெல்லாம் வாழையாக்கிவிட்டார்களா என்று பாருங்கள். ஏத்தன் வாழை குலை தள்ளிய நேரத்தில் காற்று அடித்தால் ஒரு வருட உழைப்பு ஒரு மணி நேரத்தில் படுத்துவிடும். பயிர்க் காப்பீட்டுக்கான கடைசித் தேதியை ஊர்ப் பலகையில் எழுதிப் போடுவதையும் மன்றம் ஒரு வேலையாக எடுத்துக்கொள்ளலாம். தேதி தெரியாமல் விட்டவர்கள் எங்கள் பகுதியில் ஏராளம்.

வயலோரம்

மூவருக்கும் மிக்க நன்றி. பழையாற்றங்கரை ஐயாவிடம் ஒரு சந்தேகம். மழைக்காலத்தில் பேச்சிப்பாறை, பெருஞ்சாணி அணைகளின் நீர்மட்டத்தை நாளிதழில் பார்த்து ஊரை எச்சரிக்கலாம் என்று நண்பர் ஒருவர் சொல்கிறார். அது சரியான வழியா?

பழையாற்றங்கரை

அதை மட்டும் நம்பினால் ஏமாந்துபோவீர்கள், தம்பி. 48 அடிப் பேச்சிப்பாறை நிரம்பித் திறக்கும் உபரி நீர் கோதையாறு, திற்பரப்பு, குழித்துறை வழியாகத் தேங்காப்பட்டணத்தில் கடலுக்குப் போகிறது. அது மேற்குப் பக்கத்தவர்களுக்கான எச்சரிக்கை. உங்களுக்கு வெள்ளம் வருவது சுருளகோடு பக்கத்திலிருந்தும் தோவாளை மலையடிவாரத்திலிருந்தும், வழியிலுள்ள குளங்களின் மறுகால்களிலிருந்தும்தான். அணை பாதி காலியாக இருக்கும்போதே பழையாறு கரைபுரண்டு ஓடியதை நான் பார்த்திருக்கிறேன். சோழன்திட்டை அணைக்கட்டுப் பக்கத்திலும் உங்களுக்கு மேலேயுள்ள இரண்டு குளத்து ஊர்களிலும் ஆளுக்கொரு இளைஞரைப் பழக்கம் பிடித்து வைத்துக்கொள்ளுங்கள். மேல்குளம் மறுகால் பாயத் தொடங்கியதும் ஒரு தொலைபேசி அழைப்பு வந்தால், உங்கள் ஊருக்குச் சில மணி நேரம் மிச்சமாகும். அதேபோல் உங்களுக்குக் கீழே உள்ள ஊருக்கு நீங்கள் சொல்ல வேண்டும். உங்கள் குளத்து மடைக்கல்லில் அடிக்கணக்குக் கோடுகளை வண்ணத்தில் போட்டு, தினமும் ஒருவர் பார்த்து எழுதி வந்தால், இரண்டு மழைக்காலத்தில் உங்கள் குளத்தின் குணம் உங்களுக்கே பிடிபட்டுவிடும்.

வயலோரம்

ஞாயிற்றுக்கிழமை பதினான்கு பேர் சேர்ந்து மறுகால் ஓடையை முழுவதும் நடந்து பார்த்தோம். ஓடை நெடுகிலும் ஆகாயத்தாமரை மண்டிக் கிடக்கிறது. இரண்டு இடங்களில் கட்டட இடிபாடுகளைக் கொட்டி மேடாக்கியிருக்கிறார்கள். மடையின் திருகு, ஐயா சொன்னதைப் போலவே, அசையவில்லை. மண்ணெண்ணெய் ஊற்றி வைத்துவிட்டு வந்தோம். புலப்படத்துக்கும் அளவீட்டுக்கும் திங்களன்று மனு எழுதிக் கொடுத்துவிட்டோம்.

பெரியவர்களோடு பேசி, படகு வாங்கும் எண்ணத்தை விட்டுவிட்டோம். மடையைப் பழுதுபார்க்கத் துறையிடம் அனுமதி கேட்பது, இடிபாடுகளை அகற்ற மண்வெட்டி இயந்திரத்துக்கு வாடகை, தார்ப்பாயும் கயிறும் மட்டும் கொஞ்சம், மீதியை வங்கியில் வைப்பது என்று தீர்மானம். வீட்டுக் கணக்கெடுப்பை ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகள் நால்வர் ஏற்றிருக்கிறார்கள். முதல் தெருவில் இருபத்திரண்டு வீடுகள் முடிந்துவிட்டன. அதில் நடமாட முடியாதவர்கள் ஐந்து பேர். எனக்குத் தெரிந்திருந்தது இருவரை மட்டுமே.

மேலேயுள்ள இரண்டு குளத்து ஊர்களில் ஒன்றில் எங்களுக்கு அறிமுகம் ஏற்பட்டுவிட்டது. மற்றொன்றுக்காக, தேரூர் பக்கம் இருந்து இந்தத் திரியைப் படிக்கிறவர்கள் யாரேனும் இருந்தால் தயவுசெய்து தெரிவியுங்கள். புரட்டாசி முடிவதற்குள் நேரில் வந்து உங்கள் குளத்து மறுகாலைப் பார்த்துப் பேச விரும்புகிறோம்.