வாப்பாவின் குரல் இருந்த கேசட்

கீழக்கரையிலிருந்து

வாப்பா சவூதியில் தம்மாமில் வேலை பார்த்தார்கள். 1980களில் கடிதத்தோடு கேசட்டும் வரும். வெளிநாட்டுச் சபரிலிருந்து ஊர் திரும்புகிற யாராவது பெட்டிக்குள் வைத்துக் கொண்டுவந்து கொடுப்பார்கள். அன்று அஸர் தொழுகைக்குப் பிறகு உம்மா, ராத்தா (அக்கா), நான், பக்கத்து வீட்டு மாமி எல்லாரும் டேப்ரிக்கார்டரைச் சுற்றி உட்காருவோம். வாப்பா சலாம் சொல்லிவிட்டு ஒவ்வொருவரையும் பேர் சொல்லிக் கூப்பிடுவார்கள். பேருக்குப் பேர் நடுவில் கொஞ்ச நேரம் சத்தமே இருக்காது. நாங்கள் பதில் சொல்லட்டும் என்று விட்ட இடம் அது. நாங்களும் சொல்லுவோம்.

பிறகு அதே கேசட்டில் எங்கள் பதிலைப் பதிந்து அனுப்பிவிடுவோம். புதுக் கேசட் வாங்க யோசித்த காலம். வாப்பாவின் குரலை எங்கள் குரலே அழித்திருக்கிறது என்று அப்போது தோன்றவில்லை.

உம்மா மௌத்தான பிறகு அலமாரியில் வெள்ளைத் துணியில் சுற்றிய ஒரு கேசட் கிடைத்தது. 90 நிமிடக் கேசட். மேல் விளிம்பில் இருக்கும் இரண்டு பிளாஸ்டிக் பற்களும் உடைக்கப்பட்டிருந்தன. அவற்றை உடைத்துவிட்டால் மறுபடி அதன்மேல் பதிய முடியாது. உம்மாதான் உடைத்திருக்க வேண்டும்.

அவசரப்பட்டு வெளியூரில் ஒரு ஸ்டுடியோவில் கொடுத்தேன். அவர்கள் திறந்துகூடப் பார்க்காமல் மெஷினில் போட்டு ஓட்டினார்கள். டேப் சிக்கி ஒரு முழம் அளவுக்குக் கசங்கிப்போனது. டேப் ஒரு விநாடிக்கு 4.76 சென்டிமீட்டர்தான் நகரும். ஒரு முழம் என்றால் சுமார் பத்து விநாடி. அதன் தொடக்கத்தில்தான் ராத்தாவின் பேர் இருந்தது.

மீதியை ராமநாதபுரத்தில் ஒருவர் மீட்டுக் கொடுத்தார். அதில் ஓர் ஆச்சரியம். வாப்பா என் பேரைக் கூப்பிடுவதற்கு இரண்டு விநாடி முன்னாலேயே, அதே குரலில் அதே பேர் மிக மெல்லிசாகக் கேட்கிறது. உங்களில் யாருக்காவது இப்படிக் கேட்டிருக்கிறதா?

பாம்பனிலிருந்து

எங்களிடமும் ஒரு கேசட் உண்டு. தாத்தா தனுஷ்கோடிக்காரர். 1964 டிசம்பர் 22 ராத்திரி புயலைப் பற்றி அவர் சொன்னதைச் சித்தப்பா பதிந்து வைத்தார். பாம்பனிலிருந்து போன ரயிலைக் கடல் கொண்டுபோனது, மணல்மேட்டில் விடிய விடிய நின்றது எல்லாம் வீட்டில் எல்லாருக்கும் மனப்பாடம். ஆனால் பின்னணியில் பாட்டி அம்மியில் அரைக்கிற சத்தம் இருக்கிறது. தாத்தா ரயிலைப் பற்றிச் சொல்ல ஆரம்பித்ததும் அம்மி நின்றுவிடுகிறது. அந்தப் பேச்சு முடிகிறவரை பாட்டி அரைக்கவே இல்லை. அவர் அந்த ராத்திரியைப் பற்றி ஒரு வார்த்தையும் பேசி நாங்கள் கேட்டதில்லை.

எழுதி வைத்திருந்தால் இது கிடைத்திருக்குமா?

மெல்லிசாக முன்னால் கேட்பது எங்கள் கேசட்டில் கிடையாது. அது 60 நிமிடக் கேசட்.

ராமநாதபுரத்தில் ரெக்கார்டிங் கடை வைத்திருந்தவர்

காரணம் அதுதான். மைக்கில் விழுகிற ஒலி அதிர்வு மின்சாரமாகி, டேப்பில் பூசிய இரும்புத் துகளில் காந்தமாகப் படிகிறது. சுருளில் ஒரு சுற்றின்மேல் இன்னொரு சுற்று வருடக்கணக்கில் அழுந்திக் கிடந்தால், பலமாகப் பதிந்த சுற்றின் காந்தம் பக்கத்துச் சுற்றிலும் லேசாக ஏறிவிடும். 90 நிமிடக் கேசட்டில் டேப் மெலிசு, அதனால் கூடுதலாக ஏறும். ஒரு சுற்று நகர ஆகிற நேரம்தான் நீங்கள் கேட்ட இரண்டு விநாடி. பேருக்கு முன்னால் சத்தமில்லாத இடம் விட்டிருக்கிறார்களே, அதனால்தான் காதில் விழுகிறது.

கடற்கரை ஊர்க்காரர்கள் எல்லாருக்கும் சொல்கிறேன், பழைய கேசட்டை எடுத்ததும் ஓட்டாதீர்கள். டேப்பை, அதைப் படிக்கிற ஹெட்டோடு அழுத்திப் பிடிக்கிற சின்னப் பஞ்சு ஒன்று உள்ளே இருக்கும். உப்புக் காற்றில் அதன் தகடு துருப்பிடித்து, பஞ்சு கழன்றிருக்கும். டேப் ஓரத்தில் வெள்ளையாகப் பூத்திருந்தால் அது பூஞ்சை. திருகு போட்ட வேறு கேசட் கூட்டுக்கு டேப்பை மாற்றி, பென்சிலால் மெதுவாக ஒரு தடவை முழுதும் சுற்றுங்கள். ஓட்டும்போது குரல் மந்தமாக இருந்தால் ஹெட் பக்கத்துத் திருகைக் கொஞ்சம் திருப்பினால் தெளியும். முதல் ஓட்டத்திலேயே காப்பி எடுத்துவிடுங்கள், இரண்டாவது ஓட்டம் கிடைக்காமல் போகலாம்.

கீழக்கரையிலிருந்து

விளக்கத்துக்கு நன்றி. ராத்தாவிடம் அந்தப் பத்து விநாடியைப் பற்றிச் சொன்னேன். கசங்கியதற்கு முந்தின சுற்று நன்றாகத்தானே இருக்கிறது, அதில் போட்டுக் காட்டு என்றாள். சத்தத்தைக் கூட்டி வைத்துக் கேட்டோம். இரைச்சலுக்கு நடுவில் அவள் பேர் இருக்கிறது.

பி பக்கம் உம்மாவுக்கு மட்டும் என்று வாப்பா சொல்லித்தான் அனுப்புவார்கள். காப்பி எடுத்தவர் சத்தத்தை முழுக்கக் குறைத்து வைத்தே எடுத்துக் கொடுத்தார். நாங்களும் அதைக் கேட்கவில்லை.