கோபால்ட் புளூ டரான்டுலா: சேலம் பக்கம் வளர்த்தவர்கள், பார்த்தவர்கள் சொல்லுங்க

எட்டுக்கால் (அஸ்தம்பட்டி):
கோபால்ட் புளூ என்கிற நீலக்கால் சிலந்தியின் (டரான்டுலா என்னும் முடி நிறைந்த பெரிய சிலந்தி வகை) படத்தைப் பார்த்துவிட்டு, எங்கே கிடைக்கும், என்ன விலை என்று நிறைய பேர் கேட்கிறீர்கள். காசு கொடுப்பது நீலத்துக்கு. ஆனால் வீட்டில் தினமும் பார்க்கப் போவது மண்ணில் ஒரு பொந்து. கோபால்ட் புளூ மியான்மர், தாய்லாந்துக் காடுகளில் ஆழமாக வளை தோண்டி வாழும் ஜாதி. பகல் பூரா உள்ளேதான் இருக்கும். ராத்திரி வாசலில் நாலு கால் நுனி தெரியும், டியூப்லைட்டைப் போட்டால் அதுவும் உள்ளே போய்விடும். சிவப்பு விளக்கில் தைரியமாக வெளியே வரும், ஆனால் அந்த வெளிச்சத்தில் நீலம் கறுப்பாகத்தான் தெரியும்!

தொட்டியில் முக்கால்வாசி மண் இருக்கணும். தேங்காய் நார்த்தூளோடு மருந்தடிக்காத மண் கலந்து, கையால் நன்றாக அழுத்தி நிரப்புங்கள். பொலபொலவென்று விட்டால் வளை இடிந்துவிடும். நார்த்தூள் கட்டியில் உப்பு இருக்கும், அலசாமல் போடாதீர்கள். மண்ணுக்கு மேலே உயரம் வேண்டாம். கண்ணாடியில் ஏறி விழுந்தால் வயிறு கிழிந்து செத்துவிடும்.

நம்ம ஊர் சித்திரை வெயிலுக்கு மொட்டைமாடி அறை ஆகவே ஆகாது. கீழ்வீட்டில், சுவரோரமாக வையுங்கள். மேலே மேலே தண்ணீர் தெளித்துக்கொண்டிருப்பதால் பெரிய பயன் இல்லை. ஒரு மூலையில் ஊற்றினால் அடிமண்ணுக்கு இறங்கும். மேல்மண் காய்ந்தாலும் சிலந்தி கீழே போய் ஈரத்தில் உட்கார்ந்துகொள்ளும்.

தீனி போடும்போதுதான் அதன் வேகம் தெரியும். பொந்து வாசலைச் சுற்றி நூல் பின்னி வைத்திருக்கும். பாச்சை ஒன்று மீசையை ஆட்டிக்கொண்டே போய் அந்த நூலில் காலை வைத்தது. அடுத்து நான் பார்த்தது வாசலில் உருண்ட ஒரு மண்கட்டியைத்தான். பாச்சையைக் காணோம்.

காபித்தோட்டம் (ஏற்காடு):
மண்ணுக்குள் இருக்கிறதைப் பற்றி எனக்குத் தெரியாது தம்பி, மரத்தில் இருக்கிறதைப் பார்த்திருக்கிறேன். எஸ்டேட்டில் நிழலுக்காகக் கிளை கழித்துக்கொண்டிருந்தோம். மரப்பொந்திலிருந்து உள்ளங்கை அகலத்துக்கு ஒன்று வெளியே வந்தது. மேலெல்லாம் சாம்பலும் கறுப்புமாகக் கோலம். அரிவாள் கிட்டே போனதும் முன்னங்காலைத் தூக்கிக் காட்டியது, அடிப்பக்கம் பளிச்சென்று மஞ்சள். வெட்டப் போன ஆளை ஒருவழியாகத் தடுத்துவிட்டேன்.

படத்தைப் பார்த்த ஆராய்ச்சி மாணவர் இது பொய்சிலோதீரியா பேரினம் என்றார். அதில் ஃபார்மோசா என்ற இனத்தை, போகாக் என்பவர் 1899இல் விவரித்திருக்கிறார். வெளிநாட்டில் சிலந்தி வளர்ப்பவர்கள் அதை ‘சேலம் ஆர்னமென்டல்’ என்றே அழைக்கிறார்களாம். நம்ம ஊரில் அந்தப் பெயரைக் கேட்ட ஆளே இல்லை! 2019இல் இந்தப் பேரினம் முழுவதையும் சைட்டிஸ் (காட்டுயிர் வணிகத்தைக் கட்டுப்படுத்தும் சர்வதேச ஒப்பந்தம்) பட்டியலில் சேர்த்துவிட்டார்கள். மலையிலிருந்து டப்பாவில் பிடித்துவந்து தருகிறேன் என்று எவனாவது சொன்னால் வாங்காதீர்கள். பொந்துள்ள பழைய மரம் போனாலே அதற்கு வீடு போச்சு, பிடிக்கவும் ஆரம்பித்தால் என்ன மிஞ்சும்?

செவ்வாய்ப்பேட்டை:
எனக்குக் கிடைத்தது ஆண். குட்டியில் வாங்கும்போது யாருக்கும் தெரியவில்லை. கடைசியாகத் தோல் உரித்ததும் நீலமெல்லாம் போய்ப் பழுப்பாகிவிட்டது. அப்புறம் பொந்தை விட்டு வெளியே வந்து, ராத்திரி பூரா கண்ணாடியைச் சுற்றியே நடக்கும். பெண்ணைத் தேடுகிறதாம். தீனியையும் குறைத்துவிட்டது, சில மாதத்தில் முடிந்தது. பெண் என்றால் பல வருஷம் இருக்கும். அதனால் விற்பவரிடம் உரித்த தோலைக் கேளுங்கள். வயிற்றுப்பகுதித் தோலை நனைத்து விரித்து, உட்புறத்தைப் பார்த்தே ஆணா பெண்ணா என்று சொல்லும் ஆட்கள் இருக்கிறார்கள்.

அம்மாப்பேட்டை அக்கா:
வளர்ப்பது என் பையன், பயப்படுவது நான். போன தடவை பொந்து வாசலையே மண்ணால் அடைத்துவிட்டது. செத்துப்போச்சு, தோண்டிப் பார்க்கலாம் என்று அவன் கரண்டியோடு நின்றான். தோல் உரிக்கும், தொடாதே என்று இங்கே நீங்கள் சொன்னதால் விட்டான். வெகு நாள் கழித்து அடைப்பு திறந்தது, பழைய தோலை வெளியே தள்ளியிருந்தது. வெயிலில் பிடித்துப் பார்த்தால் காலில் அதே நீலம், மயில் கழுத்து மாதிரி! செத்த தோலில் எப்படிங்க கலர் நிற்கிறது?

எட்டுக்கால்:
அது சாயம் இல்லைங்க அக்கா. முடியின் நுண்ணிய அமைப்பில் வெளிச்சம் பட்டு நீலம் மட்டும் திரும்பி வருகிறது. அமைப்பு கெடாத வரை நிறமும் இருக்கும். அமெரிக்க டரான்டுலாக்களைப் போல அரிக்கும் முடியை உதிர்க்கிற ஜாதி இல்லை, அதனால் தோலைத் தொடலாம். அதிலும் கூரான பல் இருக்கும், பார்த்து எடுங்கள்.

உயிரோடு இருப்பதை மட்டும் பையன் கையில் எடுக்கவே கூடாது. அது முதலில் ஓடப் பார்க்கும், வழியில்லை என்றால் திரும்பிக் கடிக்கும். கடித்தால் நல்ல வலி, வீக்கம், தசைப்பிடிப்பு எல்லாம் வரும், ஆஸ்பத்திரிக்குப் போய்விடுவதுதான் சரி. தீனிக்கு நீள இடுக்கி, மூடிக்குப் பூட்டு. சாவி உங்களிடம் இருக்கட்டும்.