புதுப்பிப்பு: வட்டி ஏறினால் 20 வருஷம் 20 வருஷமாகவே இருக்காது

சென்னை பெரம்பூர், கொளத்தூர் ஃபிளாட்டுக்கு 40 லட்சம் கடன், 8.5% வட்டி, 20 வருஷம் என்றால் மாதத் தவணை (இஎம்ஐ) 34,713 ரூபாய், மொத்தம் 83.31 லட்சம் என்று முன்பு எழுதியிருந்தோம். "வட்டி ஏறியும் இஎம்ஐ மாறலையே, அப்புறம் என்ன நஷ்டம்?" என்று பலர் கேட்டிருந்தீர்கள். நஷ்டம் அங்கேதான் ஒளிந்திருக்கிறது.

முதல் மாதத் தவணையில் 28,333 வட்டிக்கே போகிறது, அசலில் கழிவது 6,380தான். ஆரம்பத்திலேயே வட்டி 9.5% ஆகி, தவணையைத் தொடாமல் விட்டால், வட்டி மட்டும் 31,667. அசலுக்கு மிஞ்சுவது மூவாயிரத்துச் சொச்சம். 240 மாதக் கடன் 309 மாதமாக நீளும், மொத்தம் 1.07 கோடி! அதே நேரத்தில் தவணையை 37,285 ஆக்கினால் 89.48 லட்சத்தோடு முடியும். மாதம் 2,572 கூடுதல், பதினேழரை லட்சம் மிச்சம்.

கடன் ஸ்டேட்மெண்ட்டில் மீதி மாதங்களைத் தயவுசெய்து பாருங்கள். வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா என்று வங்கி உங்களைக் கேட்க வேண்டும். ரிசர்வ் வங்கியின் 2023 ஆகஸ்ட் உத்தரவு அது. உங்கள் முடிவை எழுத்தில் கொடுங்கள்.

போனஸ் வந்தால்? முதல் வருஷ முடிவில் அசலில் 1 லட்சம் கட்டினால், 8.5 சதவீதத்தில் கடைசியில் ஏறக்குறைய 14 தவணை குறையும். "இஎம்ஐயைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறைத்துவிடுங்கள்" என்று சொல்லிக் கட்டுங்கள். தனிநபரின் மாறும் வட்டி வீட்டுக் கடனுக்கு இதற்கு அபராதம் கிடையாது.