'வளரும் நாடு' என்று முத்திரை குத்துவது யார்?

மண்டைக்குடைச்சல்:
ரொம்ப நாளாக ஒரு சந்தேகம். சீனாவும் வளரும் நாடு, ஹைத்தியும் வளரும் நாடு என்கிறார்கள். ஒன்று உலகத்தின் இரண்டாவது பெரிய பொருளாதாரம், இன்னொன்றில் அரசாங்கம் நடப்பதே பெரும்பாடு. இரண்டையும் ஒரே சாக்கில் போட்டுக் கட்டினால் அந்தப் பெயருக்கு என்ன அர்த்தம்? இதை யார் முடிவு செய்கிறார்கள்?

இதோடு ஒட்டிய இன்னொன்று. உலகத்தில் விளையும் கோகோவில் பாதிக்கும் மேல் ஐவரி கோஸ்ட், கானா என்ற இரண்டே நாடுகளில் விளைகிறது. ஆனால் சாக்லேட்டில் பேர் வாங்குவதும் காசு பார்ப்பதும் சுவிட்சர்லாந்தும் பெல்ஜியமும். விளைவிக்கிறவர்களே சாக்லேட் செய்து விற்றால் என்ன? இவ்வளவு பெரிய பங்கைக் கையில் வைத்திருப்பவர்கள் விலையையாவது தாங்களே சொல்ல முடியாதா? "ஊழல்" என்று ஒற்றை வார்த்தையில் பதில் போட வேண்டாம், அது எனக்கும் தெரியும்.

கணக்குப்பிள்ளை:
முதல் கேள்விக்கு மட்டும் நான். இடத்துக்கு இடம் வேறு ஆள் முடிவு செய்கிறார். உலக வங்கி தலா வருமானத்தை வைத்து நாடுகளை நான்கு படிகளாகப் பிரிக்கிறது, வருடா வருடம் ஜூலையில் திருத்துகிறது. 'வளரும் நாடு' என்ற சொல்லையே தன் முக்கியப் புள்ளிவிவரத் தொகுப்பிலிருந்து 2016ல் எடுத்துவிட்டது, கிட்டத்தட்ட நீங்கள் கேட்ட அதே காரணத்துக்காக. உலக வர்த்தக அமைப்பில் நிலைமை இன்னும் வேடிக்கை. அங்கே "நான் வளரும் நாடு" என்று நீங்களே சொல்லிக்கொள்ளலாம், சொன்னால் சில விதிகளை நிறைவேற்றக் கூடுதல் அவகாசமும் கொஞ்சம் தளர்வும் கிடைக்கும். தென் கொரியா 2019ல்தான் இனிவரும் பேச்சுவார்த்தைகளில் சலுகை கேட்க மாட்டோம் என்று அறிவித்தது, அதுவும் டிரம்ப் நெருக்கிய பிறகு. சீனா 2025 செப்டம்பரில் அதே மாதிரி ஒன்றைச் சொன்னது, ஆனால் வளரும் நாடு என்ற பெயரை மட்டும் விடவில்லை.

கறாரான விதி இருப்பது ஐநா வைத்திருக்கும் 'மிகக் குறைந்த வளர்ச்சி நாடுகள்' பட்டியலுக்கு. வருமானம் மட்டும் போதாது, மக்களின் கல்வியும் உடல்நலமும், ஒரு புயலோ விலைச்சரிவோ வந்தால் அந்த நாடு எவ்வளவு ஆட்டம் காணும் என்பதும் சேர்த்துப் பார்ப்பார்கள். 1971ல் 25 நாடுகளோடு தொடங்கினார்கள், இப்போது 44. அரை நூற்றாண்டுக்கு மேல் ஆகியும் இதிலிருந்து தேறி வெளியே வந்தவை 1994ல் போட்ஸ்வானா தொடங்கி 2024ல் சாவோ டோமே வரை எட்டே நாடுகள்.

அப்புறம், வெளியே வருவதும் முழுச் சந்தோஷம் இல்லை. வங்கதேசத்தின் ஏற்றுமதியில் ஐந்தில் நான்கு பங்குக்கு மேல் ஆயத்த ஆடை. பட்டியலில் இருக்கும்வரை அது ஐரோப்பிய ஒன்றியத்துக்குள் வரியில்லாமல் போகும், வெளியே வந்தால் மூன்று வருட அவகாசம் முடிந்ததும் அந்தச் சலுகை போய்விடும். பரீட்சையில் பாஸானதற்காக உதவித்தொகையை நிறுத்துவது போல.

கப்பல்கணக்கு:
கோகோ பற்றி. வழக்கமாக வரும் பதில் என்னவென்றால், பணக்கார நாடுகள் கொட்டைக்கு வரி போடாது, சாக்லேட்டுக்குப் போடும், அதனால்தான் மூலப்பொருளோடு நின்றுவிடுகிறார்கள் என்பது. பல பொருள்களுக்கு, பல நாடுகளுக்கு இது உண்மையும்கூட. ஆனால் நீங்கள் சொன்ன இரண்டு நாடுகளுக்கும் ஐரோப்பிய ஒன்றியத்தோடு தனித்தனி ஒப்பந்தம் 2016 முதல் நடைமுறையில் இருக்கிறது, சாக்லேட்டே அனுப்பினாலும் வரி கிடையாது. அப்படியும் பெரிதாக ஒன்றும் அனுப்பவில்லை. அப்போது தடை வேறெங்கோ இருக்கிறது என்றுதானே அர்த்தம்.

சாக்லேட்டில் கோகோ ஒரு பங்குதான். பால்பவுடர் வேண்டும், சர்க்கரை வேண்டும், வெப்ப நாட்டில் உருகாமல் வைக்கவும் அனுப்பவும் குளிர்சாதனம் வேண்டும், அதற்கு நிற்காத மின்சாரம் வேண்டும், ஆலை கட்ட மலிவான வட்டிக்குப் பணம் வேண்டும். இதெல்லாம் கிடைத்தாலும் நூறு வருடமாகப் பழகிய பிராண்டுகளுக்கு நடுவே கடை அலமாரியில் இடம் பிடிக்க வேண்டும். லாபம் இருப்பது அந்த அலமாரியில்தான். ஐவரி கோஸ்ட் கோகோ அரைப்பதில் நெதர்லாந்தோடு முதலிடத்துக்குப் போட்டி போடுகிறது தெரியுமா? ஆனால் அரைப்பது லாபம் குறைந்த வேலை, ஆலைகளிலும் பாதிக்கு மேல் பன்னாட்டு நிறுவனங்கள் கையில்.

விலை விஷயத்துக்கு வருவோம். 2019ல் இரண்டு நாடுகளும் கைகோத்து, சந்தை விலைக்கு மேல் டன்னுக்கு 400 டாலர் விவசாயிக்குத் தர வேண்டும் என்று கேட்டார்கள். வாங்குகிறவர்கள் சரி என்றார்கள், சரி என்றுவிட்டு, தரத்துக்காக வழக்கமாகத் தரும் கூடுதல் தொகையைக் குறைத்துக்கொண்டார்கள். இந்தக் கையில் கொடுத்து அந்தக் கையில் பிடுங்கிய கதை. அடிப்படை விலையோ லண்டன், நியூயார்க் முன்பேரச் சந்தைகளில் (பின்னால் தரப்போகும் சரக்குக்கு இன்றே விலை பேசும் இடங்கள்) நிர்ணயமாகிறது. விளைச்சல் படுத்து 2024 டிசம்பரில் டன் 12,000 டாலரைத் தாண்டியபோதுகூட அந்த ஏற்றத்தில் பெரும்பகுதி விவசாயிக்குப் போகவில்லை, ஏனென்றால் அவர்களுடைய அரசாங்கங்களே பருவத் தொடக்கத்தில் விலையைக் கட்டி, பயிரை முன்கூட்டியே விற்றுவிட்டன. எண்ணெய் ஏற்றுமதி நாடுகளின் ஓபெக் மாதிரி கூட்டணி போடலாமே என்பீர்கள். எண்ணெயைக் கிணற்றில் விட்டுவைக்கலாம், கோகோவை மரத்தில் விட்டுவைக்க முடியாது.

மண்டைக்குடைச்சல்:
நன்றி, இவ்வளவு விரிவாக எதிர்பார்க்கவில்லை. ஆனால் இந்தோனேசியா நிக்கல் தாதுவை வெளியே அனுப்ப மாட்டேன் என்று சொல்லி ஆலைகளை உள்ளே இழுத்ததாகப் படித்தேன். அவர்களால் முடிந்தது மற்றவர்களால் ஏன் முடியவில்லை?

கப்பல்கணக்கு:
2020 ஜனவரியில் தடை போட்டார்கள். உருக்காலைகள் வந்தன, பெரும்பாலும் சீன மூலதனம். ஐரோப்பிய ஒன்றியம் உலக வர்த்தக அமைப்பில் வழக்குப் போட்டு 2022 நவம்பரில் ஜெயித்தது. இந்தோனேசியா மேல்முறையீடு செய்தது, அங்கேதான் கூத்து. மேல்முறையீட்டு அமைப்பில் புது உறுப்பினர்களை நியமிக்க விடாமல் அமெரிக்கா தடுத்ததால் 2019 டிசம்பரிலிருந்து அது செயல்படவே இல்லை. வழக்கு அந்தரத்தில் நிற்கிறது, தடை அப்படியே இருக்கிறது. விதியைப் போட்டவர்களே நீதிமன்றத்தைப் பூட்டியதில் இவர்களுக்கு லாபம்.

ஆனால் இதை எல்லாரும் காப்பியடிக்க முடியாது. உலக நிக்கலில் பாதிக்கு மேல் இப்போது அங்கேதான் தோண்டப்படுகிறது, மண்ணுக்குள் இருக்கும் தாது எங்கும் ஓடிப்போகாது, அதனால் வாங்குகிறவர்கள்தான் தேடி வர வேண்டும். உருக்காலைகள் நிலக்கரி மின்சாரத்தில் ஓடுகின்றன, லாபத்தில் நல்ல பங்கு முதல் போட்டவர்களுக்குப் போகிறது, அந்தக் கணக்கையும் சேர்த்துத்தான் பார்க்க வேண்டும்.

வட்டிக்கடை வாசல்:
எல்லாரும் பொருளைப் பற்றியே பேசுகிறீர்கள், பணத்தைப் பற்றி யாரும் பேசவில்லை. என்னைக் கேட்டால் வளர்ந்த நாடு, வளரும் நாடு என்ற கோட்டை வருமானத்தில் கிழிக்கவே கூடாது. ஒரே கேள்வி போதும்: உன் சொந்த நாணயத்தில் நீண்ட காலக் கடன் உனக்குக் கிடைக்குமா?

ஜப்பான் அரசாங்கத்தின் கடன் அந்த நாட்டின் மொத்த உற்பத்தியைப் போல இரண்டு மடங்குக்கும் மேல். ஒன்றும் ஆகவில்லை, ஏனென்றால் கடன் யென்னில், கடன் கொடுத்தவர்களும் பெரும்பாலும் உள்ளூர்க்காரர்கள். இலங்கையின் கடன் விகிதம் அதில் பாதி அளவுதான், ஆனாலும் 2022 ஏப்ரலில் வெளிநாட்டுக் கடனைக் கட்ட முடியாது என்று கையை விரித்தது. வருமானம் ரூபாயில், கடனில் கணிசமான பங்கு டாலர் போன்ற வெளிநாட்டு நாணயங்களில், ரூபாய் சரிந்தால் ஒரு பைசா புதிதாக வாங்காமலே கடன் ஏறும். அதே வருடம் டிசம்பரில் கானா, அதற்கு முன் 2020 நவம்பரில் ஜாம்பியா. 2022 மார்ச்சில் பூஜ்யத்தை ஒட்டி இருந்த அமெரிக்க வட்டி அடுத்த வருடமே 5 சதவீதத்தைத் தாண்டியது. அங்கே விலைவாசியைப் பிடிக்க எடுத்த முடிவு, இங்கே புதுக்கடன் கிடைக்கும் கதவை அடைத்தது. புதிதும் இல்லை, 1980களின் தொடக்கத்தில் அமெரிக்க வட்டி 20 சதவீதத்தை எட்டியபோது 1982ல் மெக்சிகோ விழுந்தது, அதன் பின்னால் லத்தீன் அமெரிக்காவே விழுந்தது.

விழுந்ததும் போவது ஐஎம்எஃப் (சர்வதேச நாணய நிதியம்) வாசலுக்கு. அங்கே முக்கிய முடிவுகளுக்கு 85 சதவீத வாக்கு வேண்டும், அமெரிக்காவிடம் மட்டும் 16க்கு மேல் இருக்கிறது. கூட்டிக் கழித்துக்கொள்ளுங்கள்.

எதிர்ப்பாட்டு:
இலங்கைக்கு அமெரிக்க வட்டிதான் காரணம் என்று எழுதினால் நான் சும்மா இருக்க முடியாது. முதல் அடி அதற்கு முன்பே விழுந்துவிட்டது. 2019 கடைசியில் மதிப்புக்கூட்டு வரியை 15லிருந்து 8 சதவீதமாகக் குறைத்து வருமானத்தைத் தாங்களே வெட்டிக்கொண்டார்கள், 2021ல் ரசாயன உரத்துக்கு ஒரே ராத்திரியில் தடை போட்டு விளைச்சலைக் கெடுத்தார்கள், டாலர் வற்றிக்கொண்டே வந்தபோதும் ஐஎம்எஃப் பக்கம் போகாமல் இழுத்தடித்தார்கள். இதெல்லாம் எந்த வல்லரசு செய்யச் சொன்னது?

போட்ஸ்வானாவையும் பாருங்கள். 1966ல் விடுதலை கிடைத்தபோது உலகத்தின் மிக ஏழை நாடுகளில் ஒன்று. வைரம் கிடைத்தது, சுரங்க நிறுவனத்தோடு உட்கார்ந்து பேசிப் பாதிப் பங்கை வாங்கினார்கள், வந்த பணத்தைப் பள்ளிக்கும் சாலைக்கும் போட்டார்கள். சந்தை எல்லாருக்கும் ஒன்றுதான், உள்ளே இருப்பவர்கள் என்ன செய்தார்கள் என்பதில்தான் வித்தியாசம். (இப்போது ஆய்வகத்தில் செய்த வைரம் வந்து அவர்களையும் அடிக்கிறது என்பது வேறு விஷயம்.)

வட்டிக்கடை வாசல்:
உரத்தடை முட்டாள்தனம்தான், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் முட்டாள்தனம் பணக்கார நாடுகளிலும் நடக்கிறது. 2022 செப்டம்பரில் பிரிட்டன் அரசாங்கம் பணம் எங்கிருந்து வரும் என்று சொல்லாமலே பெரிய வரிக்குறைப்பை அறிவித்தது. பவுண்டு சரிந்தது, அவர்களுடைய மத்திய வங்கியே கடன் பத்திரங்களை வாங்கி முட்டுக்கொடுத்தது, பிரதமர் பதவி போனது, அதோடு முடிந்தது. இலங்கையைப் போல பெட்ரோல் பங்கில் நாள் கணக்கில் யாரும் வரிசையில் நிற்கவில்லை. தப்பு எல்லாரும் செய்கிறார்கள், தப்புக்குக் கட்டும் அபராதம்தான் ஆளுக்கு ஆள் வேறு என்கிறேன்.

மண்டைக்குடைச்சல்:
இந்த பிரிட்டன் உதாரணம் நன்றாகப் பிடிபட்டது. அப்படியானால் இந்தியா, பிரேசில் மாதிரி உள்ளூர் நாணயத்திலேயே பெரும்பாலும் கடன் வாங்கும் நாடுகள் கோட்டைத் தாண்டிவிட்டன என்று சொல்லலாமா?

வட்டிக்கடை வாசல்:
பாதி தாண்டிவிட்டன. 1991ல் இந்தியா 47 டன் தங்கத்தை வெளிநாட்டுக்கு அனுப்பி அடகு வைத்தது, இன்று அந்த நிலைமை இல்லை. ஆனால் 2013 மே மாதம் அமெரிக்க மத்திய வங்கி சந்தையில் பணம் விடுவதைக் குறைக்கலாம் என்று வாயால் சொன்னதற்கே ரூபாயும் பிரேசிலின் ரெயாலும் சில மாதங்களில் கடுமையாகச் சரிந்தன. கடன் சொந்தப் பணத்தில் இருந்தாலும் பங்கையும் பத்திரத்தையும் வாங்கிய வெளிநாட்டுக்காரர் விற்றுவிட்டுக் கிளம்பும்போது டாலராகத்தான் மாற்றிக்கொண்டு போவார். கச்சா எண்ணெய்க்கும் டாலர்தான் எண்ண வேண்டும். அதற்காகத்தான் இந்த நாடுகள் பல நூறு பில்லியன் டாலரைக் கையிருப்பாக வைத்திருக்கின்றன, அதில் ஒரு பெரிய பங்கை அமெரிக்க அரசாங்கத்துக்கே குறைந்த வட்டிக்குக் கடன் கொடுத்துவிட்டு.